ழான்-பத்திஸ்த் (பிரெஞ்சு ஆண்பெயர்)

ழான்-பத்திஸ்த் என்பது பிரெஞ்சு மொழியில் ஆண்களுக்கு இடப்படும் மரபான கூட்டுப்பெயர்களுள் ஒன்று. இயேசுவுக்குத் திருமுழுக்கு அளித்த யோவானின் பிரெஞ்சுப் பெயரே இது. ஆங்கில எழுத்துக்கூட்டலைப் பின்பற்றித் தமிழ்நூல்களில் 'ஜீன் பாப்டிஸ்ட்' என்று எழுதும் வழக்கம் உள்ளது. நாடக ஆசிரியர் மோலியேர், உயிரியலாளர் லாமார்க், கல்வியாளர் லசால், நிதியமைச்சர் கோல்பேர், சுவீடனின் அரசரான பெர்னதோத் ஆகியோர் இப்பெயரைக் கொண்டவர்கள்.

இணைப்புக்கோட்டால் இரு சொற்கள் சேர்ந்திருந்தாலும் இது ஒரே பெயர். ழான் முதற்பெயர் என்றும் பத்திஸ்த் நடுப்பெயர் என்றும் பிரிப்பது தவறு. 'ழான்' என்ற பெயர் பிரான்சில் மிகப் பெருகியபோது 'எந்த ழான்?' என்ற கேள்விக்கு விடையாக அமைந்ததே 'பத்திஸ்த்' என்ற இரண்டாம் பகுதி.

உச்சரிப்பு

பிரெஞ்சு எழுத்தில் இப்பெயரின் இரண்டாம் பகுதியில் 'ப்' ஒலிக்குரிய எழுத்து நடுவில் இருந்தாலும் அது ஒலிப்பதில்லை. திருமுழுக்கைக் குறிக்கும் பிரெஞ்சுச் சொல்லிலும் அவ்வாறே. எனவே 'பாப்டிஸ்ட்' என்பதைவிடப் 'பத்திஸ்த்' என்பதே பிரெஞ்சு ஒலிக்கு நெருக்கமானது. முதற்பகுதியின் இறுதியில் உள்ள 'ன்' முழு மெய்யாக ஒலிக்காமல் மூக்கொலியாக உயிரோடு கரைந்துவிடும். 'ழா' என்று தமிழில் எழுதப்படும் முதலொலி தமிழ் ழகரம் அன்று. ஜகரத்தை மென்மையாக உரசி ஒலிப்பது போன்றது. அதற்குத் தமிழில் தனி எழுத்து இல்லாததால் ழகரத்தைப் பயன்படுத்தும் வழக்கம் ஏற்பட்டது.

சொற்பிறப்பும் பொருளும்

'ழான்' என்பதன் மூலம் 'யோகனான்' என்ற எபிரேயப் பெயர். 'கடவுள் அருள்கூர்ந்தார்' என்பது அதன் பொருள். அது கிரேக்கத்தில் 'யோவான்னெஸ்' என்றும் இலத்தீனில் 'யோகான்னெஸ்' என்றும் ஆகி, பழைய பிரெஞ்சு வடிவத்தைக் கடந்து இன்றைய 'ழான்' ஆனது. ஆங்கில ஜான், செருமானிய யோகான், இத்தாலிய ஜொவான்னி, எசுப்பானிய ஹுவான், உருசிய இவான் ஆகியவை யாவும் இதே பெயரின் கிளைகள்.

'பத்திஸ்த்' என்பது நீரில் அமிழ்த்துதல் என்ற பொருள்தரும் கிரேக்க வினைச்சொல்லிலிருந்து பிறந்தது. அதிலிருந்து உருவான பெயர்ச்சொல், நீரில் அமிழ்த்துபவர், அதாவது திருமுழுக்கு அளிப்பவர் என்று பொருள்படும். ஆகவே முழுப்பெயரின் முதற்பகுதி ஒரு நம்பிக்கையைச் சொல்ல, இரண்டாம் பகுதி ஒரு பணியைச் சொல்கிறது.

விவிலியப் பின்னணி

யோவானுக்குப் பெயரிடப்பட்ட நிகழ்ச்சியே லூக்கா நற்செய்தியின் முதல் அதிகாரத்தில் ஒரு சிறு வழக்காகச் சொல்லப்படுகிறது. முதிய வயதில் எலிசபெத்துக்கு மகன் பிறந்த எட்டாம் நாளில், உற்றாரும் அயலாரும் குழந்தைக்குத் தந்தையின் பெயரான செக்கரியா என்பதையே இட விரும்பினர். தாய் மறுத்து, யோவான் என்றே பெயரிட வேண்டும் என்றார். அந்தப் பெயர் உறவினருள் யாருக்குமே இல்லை என்று அவர்கள் வாதிட்டனர். பேச்சிழந்திருந்த தந்தையிடம் சைகையால் கேட்டபோது, அவர் எழுதுபலகை வாங்கி, குழந்தையின் பெயர் யோவான் என்று எழுதினார். உடனே அவருக்குப் பேச்சு திரும்பியது.

குடும்பத்தில் எவருக்கும் இல்லாத பெயராகத் தொடங்கிய இது, பின்னர் பல நாடுகளில் குடும்பத்துக்குக் குடும்பம் இருக்கும் பெயராக மாறியது.

யோவானின் பிறப்பு விழா சூன் 24 அன்று கொண்டாடப்படுகிறது. கத்தோலிக்கத் திருச்சபையில் புனிதர்களை அவர்கள் இறந்த நாளில் நினைவுகூர்வதே பொதுவழக்கு. இயேசு, மரியா, திருமுழுக்கு யோவான் ஆகிய மூவருக்கு மட்டுமே பிறந்தநாள் விழா உண்டு. யோவான் தலை வெட்டப்பட்டு இறந்ததை நினைவுகூரும் நாள் ஆகத்து 29. சூன் 24 வடபுலக் கோடையில் பகல் மிக நீண்டிருக்கும் காலத்தை ஒட்டி வருவதால், பிரான்சின் ஊர்களில் அன்று பெருந்தீ மூட்டிச் சுற்றி ஆடும் வழக்கம் ஏற்பட்டது. அது 'புனித ழான் தீ' எனப்படுகிறது.

'எந்த ழான்?'

கிறித்தவ மரபில் யோவான் என்ற பெயருடைய பெரும் புனிதர்கள் இருவர். ஒருவர் திருமுழுக்கு யோவான். மற்றவர் இயேசுவின் சீடரும் நற்செய்தியாளருமான யோவான். அவருடைய விழா திசம்பர் 27. ழான் என்று மட்டும் பெயரிட்டால் எந்தப் புனிதர் குழந்தைக்குப் பாதுகாவலர் என்பது தெளிவாகாது. அதனால் ழான்-பத்திஸ்த் என்றும் ழான்-எவாஞ்செலிஸ்த் என்றும் பிரித்துப் பெயரிட்டனர். பின்னது இன்று மிக அரிது.

இதற்கு வீட்டுத் தேவை ஒன்றும் இருந்தது. பழைய பிரான்சில் குழந்தைக்குப் பெயரைத் தருபவர் பெரும்பாலும் ஞானத்தந்தை அல்லது ஞானத்தாய். அவர்கள் தம் பெயரையே குழந்தைக்கு இடுவது வழக்கம். புழக்கத்தில் இருந்த பெயர்களும் சிலவே. இதனால் ஒரே வீட்டில் உயிரோடிருக்கும் உடன்பிறந்தார் இருவருக்கு ஒரே பெயர் அமைவதும் உண்டு. தமிழ்க் குடும்பங்களில் பாட்டனார் பெயரை இரு பேரர்களுக்கு இட்டுவிட்டுப் 'பெரியவன்', 'சின்னவன்' என்று அழைப்பதைப் போல, அங்கும் வேறுபடுத்த ஒரு சொல் தேவைப்பட்டது. இரு புகழ்பெற்ற எடுத்துக்காட்டுகள் இதைக் காட்டும்.

மோலியேர் என்ற புனைபெயரால் அறியப்படும் நாடக ஆசிரியர், பாரிசின் புனித யூஸ்தாசு கோவிலில் 1622 சனவரி 15 அன்று திருமுழுக்குப் பெற்றபோது இடப்பட்ட பெயர் ழான் மட்டுமே. தந்தையின் பெயரும் அதுவே. பின்னர்ப் பிறந்த தம்பிக்கும் ழான் என்றே பெயரிடப்பட்டது. இருவரையும் வேறுபடுத்தவே மூத்தவர் ழான்-பத்திஸ்த் என்று அழைக்கப்பட்டார். ழான்-பத்திஸ்த் பொக்கலன் என்ற பெயர் அவ்வாறு அமைந்தது.

தென்மேற்குப் பிரான்சின் போ நகரில் 1763-இல் பிறந்த பெர்னதோத்தின் கதையும் இதுவே. அவருடைய அண்ணன் ழான்-எவாஞ்செலிஸ்த். ஆகவே தம்பி ழானின் பெயரோடு பத்திஸ்த் சேர்க்கப்பட்டது. ஒரே வீட்டில் இரு யோவான்களும் இடம்பெற்றுவிட்டனர். நெப்போலியனின் படைத்தளபதியாக உயர்ந்த இந்தத் தம்பி, 1810-இல் சுவீடனின் பட்டத்து இளவரசராகத் தெரிவுசெய்யப்பட்டு, 1818-இல் அரசரானார். அரியணைப் பெயர் பதினான்காம் கார்ல் யோகான். 'ழான்' சுவீடிய மொழியில் 'யோகான்' ஆகத் தொடர்ந்தது. வீட்டில் அடையாளத்துக்காகச் சேர்த்த பத்திஸ்த் அங்கே தேவைப்படவில்லை. சுவீடனின் அரச குடும்பம் இன்றும் பெர்னதோத் குடும்பமே.

பதிவேடும் சட்டமும்

பிரான்சில் பெயர்கள் எழுத்தில் நிலைபெற்றதற்கு முதற்காரணம் மன்னர் முதலாம் பிரான்சுவா 1539-இல் பிறப்பித்த வில்லேர்-கொத்தரே ஆணை. அது பங்குக் கோவில்களில் திருமுழுக்குப் பதிவேடு வைக்கப் பணித்தது. 1563-இல் நிறைவுற்ற திரெந்து பொதுச்சங்கத்தை ஒட்டி 1566-இல் வெளிவந்த மறைக்கல்வி நூல், குழந்தைகளுக்குப் புனிதர்களின் பெயரை இடுமாறு அறிவுறுத்தியது. ழான்-பத்திஸ்த் போன்ற பெயர்கள் வேரூன்ற இவை துணைசெய்தன.

பிரெஞ்சுப் புரட்சி இந்த மரபை உலுக்கியது. 1792 செப்டம்பர் 20-ஆம் நாள் சட்டம் பிறப்பு, திருமணம், இறப்புப் பதிவைக் கோவிலிடமிருந்து எடுத்து ஊராட்சியிடம் ஒப்படைத்தது. 1793-இல் வந்த குடியரசு நாட்காட்டியில் புனிதர்களின் இடத்தைச் செடிகளும் விலங்குகளும் உழவுக் கருவிகளும் பிடித்தன. ழான்-பத்திஸ்த் என்ற பெயரையே துறந்தவர்களும் இருந்தனர். புரட்சிக்கால அரசியலாளர் குளூட்சு பிரபு இப்பெயரைக் கைவிட்டு, பண்டைக் கால மெய்யறிவாளர் ஒருவரின் பெயரான அனகார்சிசு என்பதைச் சூடிக்கொண்டார். 1794 மார்ச்சில் அவர் கில்லட்டினில் கொல்லப்பட்டார்.

1794 ஆகத்தில் வந்த சட்டம், பிறப்புப் பதிவில் உள்ள பெயரைத் தவிர வேறு பெயர் கொள்ளக் கூடாது என்றது. 1803 ஏப்பிரல் 1-ஆம் நாள் சட்டம், நாட்காட்டிகளில் வழங்கும் பெயர்களையும் பண்டை வரலாற்று மாந்தர் பெயர்களையும் மட்டுமே பதிவுசெய்யலாம் என வரையறுத்தது. இதனால் புனிதர் பெயர்கள் மீண்டும் தழைத்தன. 1966-இல் இவ்விதி தளர்த்தப்பட்டது. 1993 சனவரி 8-ஆம் நாள் சட்டம் பெற்றோருக்குப் பெயர்த்தெரிவில் உரிமை வழங்கியது. குழந்தையின் நலனுக்கு ஊறு செய்யும் பெயராகத் தோன்றினால் மட்டும் பதிவாளர் அதை அரசு வழக்குரைஞரின் கவனத்துக்குக் கொண்டுசெல்லலாம்.

இப்பெயரைக் கொண்ட சிலர்

இப்பெயருடையோர் பலரைப் பாடநூல்கள் குடும்பப்பெயரால் மட்டும் குறிப்பிடுவதால், அவர்கள் பெயரொத்தவர்கள் என்பது மாணவர்களுக்குத் தெரிவதில்லை.

அறிவியலில், உயிரினங்களின் படிமலர்ச்சி பற்றிய கருத்தை 1809-இல் நூலாக முன்வைத்த லாமார்க் (1744–1829) ஒருவர். மேல்நிலை இயற்பியல் பாடத்தில் வரும் பயட்–சாவர்ட் விதியின் பயட் (1774–1862) மற்றொருவர். பிரெஞ்சு ஒலிப்பில் அவர் ழான்-பத்திஸ்த் பியோ. வெப்பக் கடத்தல் ஆய்வுக்கும் தம் பெயரால் வழங்கும் தொடருக்கும் புகழ்பெற்ற ஃபூரியேவின் (1768–1830) பெயர் ழான்-பத்திஸ்த் சோசப். அவர் சோசப் என்றே பரவலாக அறியப்படுகிறார். பிரெஞ்சு வழக்கில் ஒருவருக்குப் பல பெயர்கள் பதிவாகியிருக்க, அவற்றுள் எதுவும் அழைக்கும் பெயராக அமையலாம் என்பதற்கு இது சான்று. அளிப்பே தனக்கான தேவையை உண்டாக்கும் என்ற விதிக்காகப் பொருளியல் மாணவர்கள் அறிந்த சே (1767–1832) என்பவரும் ஒரு ழான்-பத்திஸ்தே.

கலைகளில், ஓவியர்கள் கிரூஸ் (1725–1805), கோரோ (1796–1875), சிற்பி கார்ப்போ (1827–1875) ஆகியோர் குறிப்பிடத்தக்கவர்கள். பதினான்காம் லூயி மன்னரின் அவை இசையமைப்பாளர் லுல்லி (1632–1687) பிளாரன்சு நகரில் ஜொவான்னி பத்திஸ்தா என்ற இத்தாலியப் பெயருடன் பிறந்தவர். 1661-இல் பிரெஞ்சுக் குடியுரிமை பெற்று ழான்-பத்திஸ்த் ஆனார். அவரும் மோலியேரும் இணைந்து படைத்தபோது மக்கள் இருவரையும் 'இரு பத்திஸ்துகள்' என்றனர்.

கல்வித்துறையில் ழான்-பத்திஸ்த் டி லசால் (1651–1719) தனியிடம் பெறுகிறார். ரேம்சு நகரில் வசதியான குடும்பத்தில் பிறந்து குருவான இவர், கைவினைஞர், ஏழைகள் ஆகியோரின் பிள்ளைகளுக்கு இலவசப் பள்ளிகளை நடத்தும் அருட்சகோதரர் சபையை நிறுவினார். அக்காலத்தில் ஆசிரியர் மாணவர்களை ஒவ்வொருவராக அழைத்துச் சொல்லிக்கொடுப்பதே வழக்கம். வாசிப்பும் இலத்தீனில்தான் தொடங்கும். லசால் ஒரே நிலையில் உள்ள மாணவர்களை ஒரு வகுப்பாக அமர்த்தி, தாய்மொழியான பிரெஞ்சில் வாசிக்கக் கற்பித்தார். ஆசிரியர்களுக்கெனப் பயிற்சி நிலையமும் தொடங்கினார். 1900-இல் புனிதராக அறிவிக்கப்பட்ட இவரை, 1950-இல் திருத்தந்தை பன்னிரண்டாம் பயஸ் ஆசிரியர்களின் பாதுகாவலராக அறிவித்தார். இச்சபையினர் தமிழ்நாட்டிலும் இலங்கையிலும் கல்விப் பணி ஆற்றிவருகின்றனர்.

கடல் கடந்த பெயர்

பிரெஞ்சுப் பேரரசு சென்ற இடமெல்லாம் இப்பெயரும் சென்றது. அதன் பெருமையோடு சிறுமையும் சேர்ந்தே சென்றது என்பதை இரு மனிதரின் வாழ்க்கை காட்டும்.

முதலாமவர் கோல்பேர் (1619–1683), பதினான்காம் லூயியின் நிதியமைச்சர். 1664-இல் பிரெஞ்சுக் கிழக்கிந்தியக் கும்பினி அமைய வழிசெய்தவர். அக்கும்பினியே பின்னர்ப் புதுச்சேரியில் காலூன்றியது. குடியேற்றத் தீவுகளில் அடிமைகளை நடத்தும் முறையை வரையறுக்கும் சட்டத்தொகுப்புக்கான முன்பணியும் அவருடையது. 'கறுப்புச் சட்டம்' எனப்படும் அது, அவர் இறந்தபின் 1685-இல் வெளியிடப்பட்டது. அதைப் பணி முடித்தளித்த அவருடைய மகன் செய்ஞெலே பிரபுவின் பெயரும் ழான்-பத்திஸ்த் கோல்பேர்தான். அச்சட்டம் அடிமைகள் அனைவருக்கும் கத்தோலிக்கத் திருமுழுக்கு அளிக்க வேண்டும் என்றது. திருமுழுக்கோடு புனிதர் பெயர் ஒன்றும் வந்து சேரும். பெற்றோர் இட்ட ஆப்பிரிக்கப் பெயர் பதிவில் இடம்பெறாமல் போகும்.

இரண்டாமவர் ழான்-பத்திஸ்த் பெல்லே. மேற்கு ஆப்பிரிக்காவில் பிறந்து, இன்றைய எயிட்டியான சான்-தொமாங்குத் தீவில் அடிமையாக வாழ்ந்தவர். தம் விடுதலையைத் தாமே பணம் கொடுத்து வாங்கியவர். 1793-இல் அத்தீவின் சார்பில் தெரிவுசெய்யப்பட்டு, பாரிசில் புரட்சி மன்றத்தில் உறுப்பினராக அமர்ந்தார். 1794 பெப்ரவரி 4 அன்று அம்மன்றம் பிரெஞ்சுக் குடியேற்றங்களில் அடிமைமுறையை ஒழிப்பதாக அறிவித்தது. ஓவியர் சிரோதே 1797-இல் வரைந்த அவரது உருவப்படம் வெர்சாய் அரண்மனைத் தொகுப்பில் உள்ளது. அடிமைச் சட்டத்தை எழுத முனைந்தவருக்கும் அடிமைத்தளையை அறுக்க மன்றம் ஏறியவருக்கும் பெயர் ஒன்றே. ஒருவருக்கு அது குடும்பம் தந்த பெயர். மற்றவருக்கு அது அடிமைமுறையின் வழியே வந்து சேர்ந்து, பின்னர் அவரே தமதாக்கிக்கொண்ட பெயர்.

எயிட்டியிலும் மார்த்தினிக் போன்ற தீவுகளிலும் ழான்-பத்திஸ்த் இன்று குடும்பப்பெயராகவும் வழங்குகிறது. வட அமெரிக்காவில், 1718-இல் நியூ ஆர்லியன்சு நகரை நிறுவிய பியன்வில் இப்பெயருடையவர். சிகாகோவின் முதல் நிலைக்குடியேறியாக மதிக்கப்படும் கறுப்பின வணிகர் புவான் து சாப்ள் என்பவரும் இப்பெயருடையவரே.

கனடாவின் கியூபெக்கில் இப்பெயர் ஒரு மக்களின் அடையாளமாகவே ஆயிற்று. 1834 சூன் 24 அன்று இதழாளர் லுட்கேர் துவெர்னே மொண்ட்ரியாலில் ஏற்பாடு செய்த விருந்து, புனித ழான்-பத்திஸ்த் நாளைப் பிரெஞ்சுக் கனடியரின் தேசிய விழாவாக வளர்த்தது. 1908-இல் திருத்தந்தை பத்தாம் பயஸ் அப்புனிதரைப் பிரெஞ்சுக் கனடியரின் பாதுகாவலராக அறிவித்தார். 1925-இல் அந்நாள் கியூபெக்கில் பொது விடுமுறையானது. 1977 முதல் அது கியூபெக்கின் தேசிய நாள்.

பிற ழான் கூட்டுப்பெயர்கள்

ழான்-பத்திஸ்தில் இரு பகுதிகளும் ஒரே புனிதரைக் குறிக்கின்றன. ஆனால் பெரும்பாலான கூட்டுப்பெயர்கள் இரு புனிதர்களை இணைப்பவை. ழான்-பியேர் என்பது யோவானையும் பேதுருவையும், ழான்-போல் என்பது யோவானையும் பவுலையும், ழான்-ழாக் என்பது யோவானையும் யாக்கோபுவையும் சேர்க்கின்றன. ழான்-மரீ என்பதில் மரியாவின் பெயர் இருந்தாலும் அது ஆண்பெயரே. தமிழகக் கத்தோலிக்கர் 'ஜான் மரிய வியான்னி' எனப் போற்றும் பிரெஞ்சுப் புனிதரின் (1786–1859) பெயர் அவ்வகையினது.

தமிழில் இப்பெயர்

தமிழகத்தில் மறைபரப்பிய பழைய கத்தோலிக்க எழுத்தாளர்கள் புனிதர் பெயர்களை ஒலிபெயர்க்காமல் பொருள்பெயர்த்தனர். 'கடவுள் அருள்கூர்ந்தார்' என்ற பொருளை உட்கொண்டு யோவான் 'அருளப்பர்' ஆனார். சிறியவர் என்ற பொருளுடைய இலத்தீன் பெயரான பவுல் 'சின்னப்பர்' ஆனார். பேதுரு 'இராயப்பர்' எனப்பட்டார். அம்முறைப்படி ழான்-பத்திஸ்துக்கு நேரான தமிழ்ப்பெயர் 'ஸ்நாபக அருளப்பர்'. சீர்திருத்தச் சபையினர் 'யோவான் ஸ்நானன்' என வழங்கினர். 1995-இல் பொதுமொழிபெயர்ப்பாக வெளிவந்த திருவிவிலியத்துக்குப் பின் 'திருமுழுக்கு யோவான்' என்பது பரவியுள்ளது.

கூட்டுப்பெயரையும் தமிழ் இவ்வாறே ஏற்றுக்கொண்டது. 1986-இல் சென்னைக்கு வந்த திருத்தந்தை இரண்டாம் ஜான் பால், தமிழ் மக்களிடையே 'இரண்டாம் அருள் சின்னப்பர்' என்றே அறியப்பட்டார். பிரெஞ்சில் இரண்டாம் ழான்-போல் என்பதும் இதுவே. அருளப்பன், சின்னப்பன் என்று இன்றும் தமிழர் சூடும் பெயர்கள் ழான், போல் என்பவற்றின் உடன்பிறப்புகள்.

எழுதும் முறையும் இன்றைய நிலையும்

பிரெஞ்சில் இப்பெயரைச் சுருக்கும்போது இரு தலைப்பெழுத்துகளையும் இணைப்புக்கோட்டோடு எழுத வேண்டும். முதலெழுத்தை மட்டும் எழுதினால் அது வேறு பெயராகிவிடும். தமிழர் வழக்கில் தலைப்பெழுத்து பெரும்பாலும் தந்தை பெயரைக் குறிப்பதால், இவ்விரு எழுத்துகளுள் ஒன்றைத் தந்தையின் பெயராகக் கருதிவிட வாய்ப்புண்டு. படிவங்களிலும் நூல்விவரப் பட்டியல்களிலும் இதில் கவனம் தேவை. நண்பர்கள் இவ்விரு எழுத்துகளையே சேர்த்து 'ழிபே' எனச் செல்லமாக அழைப்பதும் உண்டு.

20-ஆம் நூற்றாண்டின் நடுவில் ழான்-பியேர், ழான்-குளோத் போன்ற பெயர்கள் பிரான்சில் மிகுதியாக வழங்கின. ழான்-பத்திஸ்த் 1980-களில் மீண்டும் விரும்பப்பட்டது. அதன்பின் 'பத்திஸ்த்' மட்டும் தனிப்பெயராக அதைவிடப் பரவியது. ஒரு காலத்தில் ழான்களை வேறுபடுத்திக்காட்டச் சேர்க்கப்பட்ட சொல், இன்று ழான் இல்லாமலே தனித்து வழங்குகிறது.